என் அம்மா போன நேரம்

என் வீட்டுக்காரருக்கு ஊரில் நல்ல பெயர். மார்க்கெட்டுக்குப் போனாலும் கோயிலுக்குப் போனாலும் யாராவது ஒருவர் என்னை நிறுத்தி, "உங்க வீட்டுக்காரர் செஞ்ச உதவியைச் சாகுற வரைக்கும் மறக்க மாட்டோம்" என்பார். நான் தலையை ஆட்டிவிட்டு வந்துவிடுவேன். வீட்டுக்கு வந்து கைகால் கழுவினாலும் குமட்டல் நிற்காது.

அவர் ஃப்ரிட்ஜ், ஏசி பழுது பார்க்கிறவர். காரைக்குடி பேருந்து நிலையத்துக்குப் பின்னால் தகரக் கொட்டகை போட்டு ஒரு பட்டறை வைத்திருந்தார். ஆனால் அவரிடம் கேட்டால் மெக்கானிக் என்று ஒத்துக்கொள்ள மாட்டார். "நான் நேரத்தைப் பிடிச்சு வைக்கிற ஆளு" என்பார். கல்யாணமான புதிதில் அதைக் கேட்டுச் சிரித்திருக்கிறேன். புருஷன் விளையாட்டுக்காரன் என்று சந்தோஷப்பட்டும் இருக்கிறேன்.

விளையாட்டு இல்லை என்று ஒரு பொங்கலன்று தெரிந்தது. மத்தியானச் சாப்பாட்டுக்குக் கோழிக் குழம்பு கொண்டுவந்து அவரே பரிமாறினார். நன்றாக இருந்தது, இரண்டாவது தடவையும் வாங்கிச் சாப்பிட்டேன். இலையை எடுக்கும்போது, "எப்படி இருந்துச்சு?" என்றார். நல்லா இருந்துச்சு என்றேன். "தீபாவளிக்கு நீ வச்ச குழம்புதான். இன்னைக்கு வச்ச மாதிரி இல்ல?" என்றார். நான் கொல்லைப்பக்கம் ஓடினேன். முதுகைத் தடவிவிட வருவார் என்று நினைத்தேன். அவர் பட்டறைக்குப் போய்விட்டார், பெட்டியில் இன்னும் எவ்வளவு குழம்பு மிச்சம் இருக்கிறது என்று பார்ப்பதற்கு.

அவருக்கென்று ஒரு சித்தாந்தம் இருந்தது. "கெட்டுப்போறதுன்னா என்ன? நேரம் உள்ள பூந்துருது. புகாம கதவைச் சாத்திட்டா எதுவுமே கெடாது." பழைய ஃப்ரிட்ஜ்களின் வயிற்றைப் பிரித்து, குழாய்களை மாற்றிச் சுற்றி, புதிது புதிதாகப் பெட்டி செய்வார். மல்லிகை மொட்டு அதில் நாள்கணக்கில் மொட்டாகவே கிடக்கும். இட்லி மாவு புளிக்காது. இன்னொரு பெட்டி இதற்கு நேர்மாறு, அதில் நேரத்தை விரட்டுவார். காலையில் ஆட்டிய மாவு மத்தியானத்துக்குள் பொங்கி வழியும். போட்ட ஊறுகாய் ஒரு வாரத்தில் போன வருஷத்து ஊறுகாய் போலத் தளர்ந்துவிடும். எங்கள் வீட்டில் எதுவும் அதனதன் நேரத்தில் பழுத்ததும் இல்லை, அழுகியதும் இல்லை. நான் வீட்டிலிருந்து ஜாக்கெட் தைக்கிறவள். தைக்க வருகிற பெண்களுக்கு மோர் கொடுக்கும்போது, இது எந்த மாதத்து மோர் என்று எனக்கே சந்தேகமாக இருக்கும்.

அதோடு நின்றிருந்தால் பொறுத்துக்கொண்டிருப்பேன். பிறகுதான் பிணம் வைக்கிற ஃப்ரீசர் பெட்டிக்கு வந்தார்.

இந்தப் பக்கத்தில் அந்தப் பெட்டி இல்லாமல் சாவு இல்லை. பிள்ளைகள் சிங்கப்பூரிலோ துபாயிலோ அமெரிக்காவிலோ இருப்பார்கள். விமானம் பிடித்து வந்து சேரும்வரை வைத்திருக்க வேண்டும். இவர் பெட்டி செய்து வாடகைக்கு விட்டார். மற்றவர்கள் பெட்டி கொடுத்துவிட்டுப் போய்விடுவார்கள். இவர் கூடவே உட்கார்ந்திருந்து, வருகிறவர்களின் முகத்தைப் பார்ப்பார். அப்படிப் பார்த்து ஒன்றைக் கண்டுபிடித்தார். ஓடி வருகிற மகன் தாயின் கையைத் தொட்டதும் வெடுக்கென்று தன் கையை இழுத்துக்கொள்கிறான். அந்தக் குளிர்தான் காரணம். அதற்கப்புறம் அவன் கிட்டே போவதே இல்லை.

அதற்கு ஒரு சாதனம் செய்தார். மெல்லிய துணிக்குள் கம்பி ஓடும். பிள்ளை வாசலில் இறங்குவதற்குக் கொஞ்சம் முன்னால் உடலை வெளியே எடுத்துக் கட்டிலில் போட்டு, அந்தத் துணியைக் கையில் சுற்றிச் சூடேற்றி, பிறகு உருவிவிடுவார். வருகிறவன் கையைப் பிடித்தால் சூடாக இருக்கும், இப்போதுதான் போனது மாதிரி.

முதன்முதலில் ஒரு ஆச்சி வீட்டில் செய்தார். அமெரிக்காவிலிருந்து வந்த மகன் தாயின் கையைக் கன்னத்தில் வைத்துக்கொண்டு, "அப்பச்சி, இன்னும் சூடு போகலை, எனக்காகத்தான் காத்திருந்திருக்காக" என்று தகப்பனிடம் சொல்லி அழுதானாம். கூடத்தில் இருந்த எல்லாரும் அழுதார்களாம். ஏற்பாடு செய்த பெரியவர் இவரைத் தனியே அழைத்துக் கையெடுத்துக் கும்பிட்டாராம். வீட்டுக்கு வந்து இதைச் சொல்லும்போது இவர் கண்ணும் கலங்கியிருந்தது.

"பிணத்துக்கு அயர்ன் பண்ணிட்டு வந்திருக்கீக. இதுல அழுகை வேற" என்றேன்.

"செத்தவுகளுக்கு என்ன தெரியும்? சூடும் தெரியாது, குளிரும் தெரியாது. இருக்கிறவுகளுக்குத்தானே செய்யிறேன். அந்தப் பையன் காலம்பூரா நிம்மதியா இருப்பான்" என்றார். சோறு போடு என்று தட்டின் முன்னால் உட்கார்ந்தார். அந்தக் கையாலேயே பிசைந்து சாப்பிட்டார். நான் அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை.

ஆட்கள் தேடி வர ஆரம்பித்தார்கள். எங்கள் பக்கம் சில நட்சத்திரத்தில் உயிர் போனால் அடைப்பு என்பார்கள். செத்த அறையை மாதக்கணக்கில் பூட்டிப்போட வேண்டும். உடலை வாசல் வழியே கொண்டுபோகாமல் சுவரை உடைத்து எடுப்பவர்களும் உண்டு. அப்படிப்பட்ட நாளில் யாராவது போய்விட்டால் இவருக்கு போன் வரும். இவர் போய் உடலைப் பிடித்து வைப்பார். நட்சத்திரம் நகர்ந்ததும் வெளியே எடுத்துக் கையைச் சூடாக்கி, 'இப்போதுதான் போனது' என்று சொல்ல வைப்பார். கல்யாணம், காதுகுத்து, கும்பாபிஷேகம் எதுவும் இவர் தயவில் சாவால் நிற்கவில்லை. சாவு எப்போது நடக்க வேண்டும் என்பதை ஏசி மெக்கானிக் தீர்மானிக்கிற காலம் வந்துவிட்டது. வருகிறவர்கள் செருப்பை வாசலில் கழற்றிப் போட்டுவிட்டு, குறைந்த குரலில், "நேரக்காரர் இருக்காகளா?" என்று கேட்பார்கள். மாமா வேலைக்கு ஆள் தேடி வருகிறவர்கள் குரல் அப்படித்தான் இருக்கும்.

என் அம்மா நேமத்தான்பட்டியில் தனியாக இருந்தார். அப்பா போன பிறகும் அந்த வீட்டை விட்டு வர மாட்டேன் என்றுவிட்டார். நுரையீரலில் தண்ணீர் கோத்துப் படுக்கையில் விழுந்த பிறகு, பக்கத்து வீட்டு அம்மாள் ஒருவர் கூட இருந்து பார்த்துக்கொண்டார். அந்தச் சமயத்தில்தான் காரைக்குடியில் இருக்கும் என் அண்ணன் மகளுக்குக் கல்யாணம் நிச்சயமானது. மண்டபம் பிடித்து, பத்திரிகை அடித்து, எல்லாம் முடிந்த பிறகு அம்மாவுக்கு மூச்சு வாங்குவது கூடிவிட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நானும் அவரும் பார்க்கப் போயிருந்தோம். அம்மா அவரைப் பார்த்துச் சிரித்தார். "மாப்பிள்ளை, கல்யாணத்தன்னைக்குப் பார்த்து நான் போயிட்டேன்னா, உங்க பெட்டியில போட்டு மூடி வச்சிருங்க. தாலி ஏறுன பெறகு எடுத்துக்கிரலாம்" என்றார். அவரும் சிரித்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"அந்தப் பேச்சே வேண்டாம். ஒனக்குக் கடைசிப் பால் நான்தான் ஊத்துவேன். கல்யாணம் நின்னா நிக்கட்டும்" என்றேன்.

அம்மாவின் வாய்க்குக் கடைசியாக ஒரு வாய் பால் என் கையால் போக வேண்டும். எனக்கு இருந்தது அந்த ஒரே ஆசைதான். அப்பா போனபோது நான் பிரசவத்துக்காக ஆஸ்பத்திரியில் கிடந்தேன், பால் ஊற்ற முடியவில்லை. திரும்பி வரும்போது பேருந்தில் அவரிடம் கறாராகச் சொன்னேன். எங்கம்மா விஷயத்தில் உங்கள் வித்தையைக் காட்டக் கூடாது, ஏதாவது ஒன்று என்றால் அந்த நிமிஷமே எனக்குச் சொல்லிவிட வேண்டும். "சரி" என்றார். சத்தியம் பண்ணுங்கள் என்றேன். பேருந்தில் எல்லாரும் பார்க்க என் தலையில் கை வைத்தார்.

கல்யாணத்துக்கு முந்தின நாள் பக்கத்து வீட்டு அம்மாளும் மண்டபத்துக்கு வர ஆசைப்பட்டார். "நீங்க எல்லாரும் போங்க, அத்தைய நான் பார்த்துக்கிறேன்" என்று இவர் தானாகவே முன்வந்தார். எல்லாருக்கும் பெருமை. இப்படி ஒரு மருமகன் யாருக்குக் கிடைக்கும் என்று என் மதினி என் காதுபடவே சொன்னாள். எனக்கும் கொஞ்சம் மனம் இளகியதை மறைப்பானேன்.

அன்று சாயங்காலம் போன் செய்து அம்மா சாப்பிட்டாரா என்று கேட்டேன். "ரெண்டு இட்லி சாப்பிட்டாக. சட்னியில காரம் ஜாஸ்தின்னாக. இப்பத் தூங்குறாக, எழுப்ப வேண்டாம்" என்றார். மறுநாள் காலையில் கேட்டேன். "காப்பி குடிச்சாக, கல்யாணம் எப்படி நடக்குதுன்னு கேட்டாக" என்றார். நான் நிம்மதியாகப் பட்டுச்சேலையைக் கட்டிக்கொண்டு பந்திக்கு நின்றேன்.

தாலி கட்டி முடிந்ததும் அண்ணன் வீடியோ கால் போட்டார், அம்மா பார்க்கட்டும் என்று. அந்தப் பக்கம் திரை கறுப்பாக இருந்தது. "அத்தைக்கு வெளிச்சம் கண்ணு கூசுது மச்சான், அதான் சன்னலெல்லாம் சாத்திருக்கேன். நீங்க காட்டுங்க, பார்க்கிறாக" என்று இவர் குரல் மட்டும் வந்தது. பொண்ணும் மாப்பிள்ளையும் போனைப் பார்த்துக் குனிந்து கும்பிட்டார்கள். "கையைத் தூக்கி ஆசீர்வாதம் பண்றாக" என்றார். மண்டபத்தில் இருந்தவர்கள் கைதட்டினார்கள். நானும் தட்டினேன்.

பொண்ணு மாப்பிள்ளையை அனுப்பிவைத்த பிறகு அவர் போன் வந்தது. அத்தைக்கு இழுத்துக்கொண்டிருக்கிறது, உடனே வாருங்கள் என்றார். அண்ணனும் நானும் கல்யாணத் துணியோடு காரில் ஓடினோம்.

அம்மா கட்டிலில் போர்த்திப் படுத்திருந்தார். ஒரு கை மட்டும் போர்வைக்கு வெளியே இருந்தது. அண்ணன் அதைப் பிடித்துக்கொண்டு, "சூடு இருக்கு, சூடு இருக்கு" என்றார். என் வீட்டுக்காரர் பால் தம்ளரைத் தயாராக வைத்திருந்தார். "ஊத்துங்க, உசுரு ஒட்டிக்கிட்டிருக்கு" என்றார். அண்ணன் ஊற்றினார். அடுத்து நான் ஊற்றினேன்.

பால் உள்ளே போகவில்லை. உதட்டோரமாக வழிந்து தாடையில் இறங்கிக் கழுத்துக்குப் போனது. நான் முந்தானையால் துடைக்கப் போனேன். விரல் தாடையில் பட்டது. ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த பால் பாக்கெட் மாதிரி சில்லென்று இருந்தது. கையைச் சூடாக்கியவருக்கு முகத்தைச் சூடாக்கத் தோன்றவில்லை. நிமிர்ந்து அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்காமல் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். "போயிட்டாக" என்று எல்லாருக்கும் கேட்கிற மாதிரிச் சொல்லி, மணியையும் சொன்னார். அண்ணன் அந்த மணியை மனதில் போட்டுக்கொண்டார். இன்றைக்கும் கேட்டால் நிமிஷம் பிசகாமல் சொல்வார்.

"நம்ம கையால பால் குடிச்சிட்டுப் போயிட்டாக தாயி. நாம குடுத்து வச்சவுக" என்று அண்ணன் என் தோளைக் கட்டிக்கொண்டு அழுதார். எனக்கு அழுகை வரவில்லை. பிணத்தின் வாயில் பால் ஊற்றிய அந்தத் தம்ளரை எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றேன்.

யாரிடம் சொல்வது? பாட்டி செத்துக் கிடக்கும்போது தீட்டோடு கட்டின தாலி என்று தெரிந்தால், நாளைக்கு அந்தப் பெண்ணுக்குத் தலைவலி வந்தாலும் அந்தத் தாலியைத்தான் குற்றம் சொல்வார்கள். அவளை நினைத்து வாயை மூடிக்கொண்டேன். மூடிக்கொண்டிருப்பதும் அவருக்கு வசதியாகத்தான் போனது.

கருமாதி முடிந்த அன்று அவரைப் பட்டறையில் போய்ப் பிடித்தேன். "எங்கம்மா எப்பப் போனாக?" என்று கேட்டேன்.

"அத்தை எங்கிட்டச் சத்தியம் வாங்கிட்டாக. யாருக்கும் சொல்லக் கூடாதுன்னு."

"எங்கிட்டயும் நீங்க சத்தியம் பண்ணுனீக."

"சாகப்போறவுக கேட்டது பெருசா, நீ கேட்டது பெருசா?" என்றார். அப்புறம் எவ்வளவு கேட்டும் ஒரே பதில்தான். "நேரம் எனக்குத் தெரியும், சொல்ல மாட்டேன்." கெஞ்சிப் பார்த்தேன், பேசாமல் இருந்து பார்த்தேன், சோறு வைக்காமல் இருந்து பார்த்தேன். ஒன்றும் நடக்கவில்லை. வருஷா வருஷம் அண்ணன் அந்தப் பொய் நாளுக்குத் திதி பார்த்துச் சொந்தபந்தத்தைக் கூட்டிச் சோறு போடுவார். இவர் முதல் பந்தியில் உட்கார்ந்து சாப்பிடுவார். பாயசம் கேட்டு வாங்கிக் குடிப்பார். அந்த இட்லியும் காரச் சட்னியும் எனக்கு ஞாபகம் வரும், அப்போதே அம்மா போயிருப்பார் என்று தோன்றும். செத்தவள் வாயில் காரம் என்று ஒரு பேச்சைத் திணிக்கிற அளவுக்கு ஒரு மனிதனுக்குக் கற்பனை இருக்கிறதே என்று அவர் வாய் அசைவதையே பார்த்துக்கொண்டு நிற்பேன். இந்த ஆளோடு ஒரே வீட்டில் இருக்கிறோமே என்று என் மேலேயே அருவருப்பாக இருக்கும்.

இந்த வருஷம் அவருக்கு நெஞ்சுவலி வந்தது. மதுரையில் ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். மகன் துபாயில் இருக்கிறான், லீவு கிடைக்கவில்லை. காலையில் உள்ளே விடுகிற நேரத்தில் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

"இங்கேரு. எனக்கு ஏதாச்சும் ஆச்சுன்னா பெட்டியில வைக்காத. பய வர்ற வரைக்கும்னு வச்சுக்கிட்டு இருக்காதீக. உடனே எடுத்துருங்க."

"ஏன்?"

"அதுக்குள்ள ரொம்பக் குளிரும்."

செத்தவர்களுக்குச் சூடும் தெரியாது, குளிரும் தெரியாது என்று சொன்ன அதே வாய். எனக்குக் கோபம்கூட வரவில்லை. கையை உருவிக்கொண்டேன். "எங்கம்மா போன நேரத்தைச் சொல்லுங்க. வைக்க மாட்டேன்" என்றேன்.

அவர் கண்ணை மூடிக்கொண்டார். நர்ஸ் வந்து எதையோ பார்த்துவிட்டுப் போனார். நான் எழுந்திருக்கவில்லை.

"எனக்குத் தெரியாது" என்றார்.

"பொய் சொல்லாதீக."

"சத்தியமாத் தெரியாது. கல்யாணத்துக்கு முந்தின நாள் மத்தியானம் நாச்சியாபுரத்துல ஒரு சாவு வீட்டுல பெட்டி நின்னுபோச்சுன்னு போன் வந்துச்சு. அத்தை தூங்கிக்கிட்டிருந்தாக. வெளிய பூட்டிட்டு, போய்ட்டு உடனே வந்துரலாம்னு போனேன். அங்க வேலை இழுத்துருச்சு. பொழுது சாயத்தான் வந்தேன். வந்து பார்த்தப்ப..."

"பார்த்தப்ப?"

"ஆறிப் போயிருந்தாக. தண்ணிச் சொம்பு கீழ உருண்டு கெடந்துச்சு. கட்டிலை விட்டுப் பாதி சரிஞ்சு கெடந்தாக. நான்தான் தூக்கிப் போட்டேன். ராவோட ராவாப் பெட்டியைக் கொண்டாந்து வச்சு, நீங்க வர்றதுக்கு முன்னாடி அனுப்பிட்டேன்."

அதற்கப்புறம்தான் அவர் எனக்கு இரண்டு இட்லிக் கதையைச் சொல்லியிருக்கிறார். அம்மா அவரிடம் எந்தச் சத்தியமும் வாங்கவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை சிரித்துக்கொண்டு சொன்னதுதான். ஊரார் பிணத்துக்கெல்லாம் நேரம் குறித்துக் கொடுத்தவர், பூட்டிய வீட்டுக்குள் என் அம்மா தண்ணீருக்குக் கை நீட்டிய நேரத்தில் வேறொருவர் வீட்டுப் பிணத்துக்குக் காவல் இருந்திருக்கிறார்.

அவர் பிழைத்துக்கொண்டார். இப்போது பட்டறையை வேறொருவர் பார்த்துக்கொள்கிறார். இவர் வீட்டில் நாற்காலியில் உட்கார்ந்து, வருகிறவர்களுக்கு யோசனை சொல்கிறார். நல்ல பெயர் குறையவில்லை. நான் மூன்று வேளையும் சோறு வைக்கிறேன். தட்டை அவர் முன்னால் வைக்கும்போது முகத்தைத் திருப்பிக்கொள்கிறேன்.

வீட்டை விட்டுப் போய்த் திரும்பாதவர்களுக்கும், எங்கே எப்போது செத்தார்கள் என்று யாருக்கும் தெரியாதவர்களுக்கும் எங்கள் பக்கம் அமாவாசையில்தான் இலை போடுவார்கள். அண்ணன் தன் திதியை விடப் போவதில்லை, நான் சொல்லவும் போவதில்லை. இந்த ஆடி அமாவாசைக்கு நான் மட்டும் தனியாக அம்மாவுக்குச் சமைத்தேன். இலையில் சோறு வைப்பதற்கு முன்னால், அம்மாவுக்கு எட்டுகிற மாதிரி தண்ணீரை வைத்தேன்.